கோவிந்தசாமியின் இரண்டு விரல்கள்

மேடையில் நான், என் தங்கை அஞ்சலாட்சி, நூலைத் தொகுத்த பூவிழி, கையில் மைக்கோடு விழாவை நடத்தும் அருள்முருகன். கீழே முதல் வரிசையில் ஹாஜிரா. அவளுக்குப் பின்னால், அமைதி விழாவில் நடக்கும் புத்தக வெளியீட்டுக்கு வந்த அறுபது பேர்.

இவர்களில் ஒருவரையும் நான் நம்பவில்லை.

பூவிழி சிரித்துக்கொண்டே இருந்தாள். போர்க்காலத்துக் கடிதங்களைப் புத்தகமாகப் போடும் பெண்ணுக்கு அவ்வளவு சிரிப்பு எதற்கு? அஞ்சலாட்சி நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தாள். மூன்று மாதமாகப் பூவிழி வீட்டுக்குப் போய்வருகிறாள். அப்பாவின் புகைப்படங்களைக் கொண்டுபோய்க் கொடுத்தவள் இவள்தான்.

ஹாஜிரா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

முத்தியால்பேட்டையில் எங்கள் வீட்டுக்குச் சொல்தா வீடு என்று பெயர். பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர்களை இங்கே சொல்தா என்போம். என் அப்பா கோவிந்தசாமி இந்தோசீனாவுக்குப் போனவர். வலது கையில் இரண்டு விரல்களை அங்கே விட்டுவிட்டு, பதக்கத்தோடும் பென்ஷனோடும் திரும்பினார். ஆண்டுதோறும் போர்வீரர் நினைவு நாளான நவம்பர் பதினொன்றாம் தேதி அந்தப் பதக்கத்தைக் குத்திக்கொண்டு கடற்கரை நினைவுச் சின்னத்தின் முன் நிற்கிறேன். முதுகு வளைந்ததில்லை.

ஹாஜிராவின் தந்தை ஹாஜாவும் அதே படையில் இருந்தவர். அவர் கவனமில்லாமல் துப்பாக்கி துடைத்ததில்தான் அப்பாவின் விரல்கள் போயின என்பது ஊரறிந்த கதை. எட்டு மாதம் பட்டாளச் சிறையில் இருந்துவிட்டு வெறுங்கையோடு வந்தார். ஊர் அவரை விரல்வெட்டி ஹாஜா என்றது. சாகும்வரை அதுதான் பெயர். இன்றும் ஹாஜிராவுக்கு விரல்வெட்டி மகள் என்று பெயர்.

வண்ணத்தாளில் சுற்றிய முதல் பிரதியை என் கையில் கொடுத்தார்கள். தாளைப் பிரித்து, அட்டையை நெஞ்சுக்கு நேரே பிடித்து, படம் எடுத்து முடிந்ததும் மேசைமேல் வைத்துவிட வேண்டும். வெளியீட்டு விழாக்களில் அதுதான் வழக்கம். மேடையில் உட்கார்ந்து யாரும் புத்தகம் படிப்பதில்லை.

நான் மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு பக்கங்களைப் புரட்டினேன்.

"ஐயா, கொஞ்சம் கேமராவப் பாருங்க. படிக்கிறதுக்கு வூட்ல நேரம் கெடக்குது," என்றார் அருள்முருகன். கீழே சிரித்தார்கள்.

நான் நிமிரவில்லை. எண்பத்தாறாம் பக்கத்தில் நிறுத்தினேன். 1951இல் அப்பா அம்மாவுக்கு எழுதிய கடிதம். தபாலில் போடாமல், ஊருக்கு வந்த ஒருவர் கையில் கொடுத்தனுப்பியது.

பூவிழி மைக்கை வாங்கினாள். "ஐயா, ஒரு கடிதம் மட்டும் படிச்சிக் காட்டலாம்னு இருக்கேன்."

"எதப் படிச்சாலும் முழுசாப் படி."

சிரிப்பு அடங்கிவிட்டது. அவள் படித்தாள். அவளை நம்பாமல், அச்சில் இருந்ததை வரிவரியாக விரல் வைத்துத் தொடர்ந்தேன்.

"பாக்கியலட்சுமிக்கு, நான் உயிரோடு இருக்கிறேன். வலது கையில் இரண்டு விரல் போயிற்று. ஹாஜாவின் துப்பாக்கி தவறி வெடித்தது என்று எல்லோரிடமும் சொல். உனக்கு மட்டும் உண்மையை எழுதுகிறேன். துப்பாக்கிக் குழாயின் வாயில் கையை வைத்து விசையை அழுத்தியது நான். இனி என்னால் யாரையும் சுட முடியாது. பார்த்தவன் ஹாஜா ஒருவன். தெரிந்தால் என்னைச் சிறையில் தள்ளுவார்கள். அதனால் பழியை அவன் ஏற்றுக்கொண்டான். உனக்கு வீட்டில் இரண்டு வயதுப் பிள்ளை இருக்கிறது, எனக்கு யாரும் இல்லை, நீ போ என்றான்."

ஒரு வரியும் விடுபடவில்லை. ஒரு பெயரும் மாற்றப்படவில்லை.

அந்த இரண்டு வயதுப் பிள்ளை நான்.

அஞ்சலாட்சி என் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தாள். அப்பா ஊர் திரும்பிய பிறகு பிறந்தவள் அவள்.

"எந்திரிண்ணே. போயிடலாம். மானமே போச்சு."

நான் அசையவில்லை. அறுபது பேரில் பாதிப் பேர் செல்போனைத் தூக்கிப் பிடித்திருந்தார்கள்.

ஹாஜிரா எழுந்து நின்றாள். அறுபத்தைந்து வயதுக்காரி, கல்லூரிப் பெண்போல நிமிர்ந்து நின்றாள்.

"அண்ணே, எங்க அத்தாவ நீங்களும்தான விரல்வெட்டின்னு கூப்டீங்க?"

"கூப்பிட்டேன்."

"இது தெரிஞ்சுமா?"

அம்மா இறந்த பதினாறாம் நாள் அவள் பெட்டியில் இந்தக் கடிதத்தைப் படித்தவன் நான். அதன் பிறகு ஹாஜா மூன்று ஆண்டுகள் உயிரோடு இருந்தார். எதிர்த்த தெருவில்தான் இருந்தார்.

"தெரிஞ்சுதான்," என்றேன்.

அவள் திட்டுவாள் என்று காத்திருந்தேன். திட்டவில்லை. மேடை ஓரத்து மேசையிலிருந்து ஒரு பிரதியை எடுத்துக்கொண்டு வாசலைப் பார்த்து நடந்தாள். யாரும் தடுக்கவில்லை.

அன்றிலிருந்து முத்தியால்பேட்டையில் ஒரு பேச்சு. அஞ்சலாட்சி அம்மாவின் பெட்டியிலிருந்து கடிதத்தைத் திருடிப் பூவிழியிடம் கொடுத்துவிட்டாளாம். அதனால் அண்ணன் தங்கையோடு பேசுவதில்லையாம்.

தவறு. பேசாமல் இருப்பவள் அவள். அப்படியொரு கடிதம் இருந்ததே அவளுக்குத் தெரியாது. கொடுத்தவன் நான்.