தெற்கு நோக்கி ஓடும் தண்ணீர்

தெரியாது என்று சொல்லிவிடலாம். ஒரு சொல்தான்.

லிலியஸ் மேசைமேல் கிடந்த சட்டையைப் பார்க்காமல் நின்றாள். பார்க்கத் தேவையில்லை. கழுத்துப் பட்டியைச் சுற்றி ஓடிய இரட்டைத் தையல் அவள் போட்டது.

மூன்று குளிர்காலத்துக்கு முன், கணவர் கில்பர்ட் காய்ச்சலில் நினைவில்லாமல் கிடந்தபோது, அந்தச் சட்டையைக் கழற்றி மருத்துவச்சி எல்ஸ்பெத்திடம் ஓடினாள். எல்ஸ்பெத் வழியில் யாரோடும் பேசாமல் போய், தெற்கு நோக்கி ஓடும் ஓடையில் அதை முக்கி எடுத்து வந்தாள். ஈரத்தோடு மாட்டிவிட்டார்கள். விடிவதற்குள் காய்ச்சல் இறங்கியது.

நோயை வாங்கிக்கொண்ட சட்டை மறுபடி அந்த வீட்டில் இருக்கக் கூடாது என்பது வழக்கம். எல்ஸ்பெத் தன் பெட்டியில் வைத்துக்கொண்டாள்.

இப்போது எல்ஸ்பெத்தைச் சூனியக்காரி என்று பிடித்து வைத்திருந்தார்கள்; அவள் பெட்டியில் இந்தச் சட்டையும் கிடைத்திருந்தது. சட்டையைக் கொடுத்தவள் யார் என்று தெரிந்தால் அவளையும் சேர்த்து எரிப்பார்கள். விசாரிக்கும் நீதிபதி கில்பர்ட்.

சிவப்பு அங்கியோடு ஜன்னலருகே நின்றிருந்தார். கீழே தெருவில் நிலக்கரி வண்டிக்காரன் யாரையோ திட்டிக்கொண்டிருந்தான்.

"மூணு நாளா அவளைத் தூங்க விடல, லிலியஸ். இன்னும் பேரைச் சொல்லல. நாளைக்குச் சொல்லிடுவா. அதுக்குள்ள நீ கோர்ட்டுக்கு வந்து இது யார் தையல்னு சொல்லணும்."

"பொம்பளை சாட்சி செல்லாதுன்னு நீங்கதானே சொல்வீங்க? அடுப்பங்கரைப் பேச்சுன்னு."

"சூனிய வழக்குல மட்டும் செல்லும்."

தெரியாது. சொல்லிவிடு.

"தையற்காரி மரியன் கைவேலைன்னு சொல்லு," என்றார். "அவளுக்குப் புள்ளகுட்டி கிடையாது."

போன வாரம்தான் மரியன் அதே அங்கியின் விளிம்பைத் தைத்துக் கொடுத்துவிட்டு, நாலு ஓட்ஸ் ரொட்டியை மடியில் கட்டிக்கொண்டு போனாள்.

"ஏன் மரியன்?" என்றாள் லிலியஸ்.

கில்பர்ட் சட்டையின் கழுத்துப் பட்டியைப் பெருவிரலால் தடவினார். நெடுநேரம் தடவினார்.

"மாட்டிவிட்டப்ப ரொம்ப சில்லுன்னு இருந்துச்சு," என்றார். "அன்னிக்கு எனக்கு நினைவு இருந்துச்சு, லிலியஸ்."

கோர்ட் மணி அடிக்கத் தொடங்கியது. அவர் அவளுடைய மேலாடையை எடுத்து நீட்டினார். இந்தக் கையைத்தான் அன்று விடிய விடியப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"எல்ஸ்பெத் இன்னும் யார் பேரையும் சொல்லலதானே?"

"சொல்லல."

லிலியஸ் நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள்.

"அப்ப நானும் சொல்லல."