எதிரியின் ஆயுதம்

"இந்தக் கையாலதான் மேடம் வர்ற வியாழக்கிழமை பொண்ணுக்கு மோதிரம் போடணும்!" மாவுக்கட்டுப் போட்ட மகனின் வலது கையைத் தூக்கிக் காட்டிக் கதறினாள் தமிழ்ச்செல்வி. "பொண்ணு வூட்டுக்கு நான் என்னன்னு சொல்லுவேன்?"

"மெதுவாம்மா, வலிக்குது" என்றான் ராஜ்கமல். வெள்ளைச் சட்டை மடிப்புக் கலையாமல் இருந்தது. கையைத் தவிர உடம்பில் ஒரு கீறல் இல்லை.

சப்-இன்ஸ்பெக்டர் வெண்மதி சிதம்பரத்துக்கு மாற்றலாகி வந்து நான்கு நாள்தான் ஆகிறது. பட்டப்பகலில், பஸ் ஸ்டாண்டு வாசலில், ஒருவனின் எலும்பை உடைத்துவிட்டு இன்னொருவன் நிம்மதியாக நடமாடுகிறான். நினைக்க நினைக்க அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"யார் அடிச்சது?"

"ஸ்டாண்டு பக்கிரி." பதில் சொன்னது ராஜ்கமலின் தாய்மாமன் ஸ்ரீதர். கடலூர் கோர்ட்டில் வக்கீல். "பேரைச் சொன்னா அங்க எல்லாருக்கும் தெரியும் மேடம். இருபது வருஷமா பஸ் ஸ்டாண்டே கதின்னு கெடக்குறான்."

"ரவுடியா?"

"நீங்களேதான் பாக்கப் போறீங்களே."

"எதுக்கு அடிச்சான்?"

"வண்டியை எடுக்க வுடல மேடம்" என்றான் ராஜ்கமல். "வழியை மறிச்சான். சாவியைப் புடுங்கிக்கிட்டான்."

வெண்மதி ஆஸ்பத்திரிச் சீட்டைப் படித்தாள். சுண்டுவிரலுக்குக் கீழே புறங்கை எலும்பு முறிவு. வீங்கிய விரலிலிருந்து சதுரக் கல் மோதிரம் வெட்டி எடுக்கப்பட்டது. கடைசியில், கொடுங்காயம் என்று டாக்டர் எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தார்.

"எலும்பு ஒடைஞ்சாலே கொடுங்காயம்தான் மேடம்" என்றார் ரைட்டர் தட்சிணாமூர்த்தி, பேப்பரை அடுக்கியபடியே. "பழைய முன்னூத்தி இருபத்தஞ்சு, புதுச் சட்டத்துல நூத்திப் பதினேழு. ஏழு வருஷம். நாமளே போய்த் தூக்கலாம், யாரையும் கேக்க வேண்டியதில்ல. நேத்து ஒருத்தன் வீங்குன மூஞ்சோட வந்து நின்னான் பாருங்க, அந்த மாதிரி இல்ல இது."

"அவனுக்கு என்ன?"

"எக்ஸ்ரேல ஒண்ணும் இல்லியாம். எலும்பு நல்லா இருக்கு, பல்லு நல்லா இருக்கு. அது வெறும் காயம். நூத்திப் பதினஞ்சு. வேணும்னா கோர்ட்டுக்குப் போன்னு அனுப்பிட்டேன்."

"எழுதியாவது வாங்குனீங்களா?"

"வெறும் வீக்கத்துக்கு எதுக்கு மேடம் பேப்பர் வேஸ்ட்டு? பேர்கூடக் கேக்கல."

ஸ்ரீதர் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார். "நூத்திப் பதினேழு மட்டும் போட்டா சாயங்காலமே ஜாமீன்ல வந்துடுவான். ஆயுதத்தால அடிச்சான்னு சேருங்க. நூத்திப் பதினெட்டு. லேசுல வெளியே வர முடியாது."

"என்ன ஆயுதம்?"

"கட்டை" என்றான் ராஜ்கமல்.

மாமா அவனைத் திரும்பிப் பார்த்தார்.

"இல்ல மேடம், கம்பி. இரும்புக் கம்பி."

"ரெண்டுல எது தம்பி?"

"வேகமா நடந்துடுச்சு. சரியாப் பாக்கல."

"வழியெல்லாம் படிச்சுப் படிச்சுச் சொன்னேனே மாப்ள" என்று பல்லைக் கடித்தார் ஸ்ரீதர்.

"வுடுங்க சார். அடிச்சவனையே கேட்டுக்கலாம்." வெண்மதி லத்தியை எடுத்து மேசைமேல் வைத்தாள். "சிலம்பரசன்! ஜீப்பை எடுத்துட்டுப் போய் அந்தப் பக்கிரியைத் தூக்கிட்டு வா. மொரண்டு புடிச்சா இழுத்துட்டு வா. அடுத்தவன் கையை ஒடைக்கிறவன் இன்னிக்கு ஜெயில்லதான் படுக்கணும்."

தட்சிணாமூர்த்தி எழுதத் தொடங்கினார். எதிரி தாக்கியதில் வலது கை எலும்பு முறிந்து. எதிரி ஆபாசமாகத் திட்டி. எதிரி கொலை மிரட்டல் விடுத்து. ஸ்ரீதர் சொல்லச் சொல்ல வரிகள் நீண்டன. எதிரி பயன்படுத்திய ஆயுதம் என்பதற்கு எதிரே மட்டும் வெற்றிடம்.

அரை மணியில் ஜீப் திரும்பி வந்து நின்றது.

"ஓடப் பாத்தானா?" வெண்மதி உள்ளிருந்தே கேட்டாள்.

"இல்ல மேடம். நானே மறுபடி வரணும்னுதான் இருந்தேன்னு சொல்லி அவரே ஏறிக்கிட்டாரு" என்றான் கான்ஸ்டபிள் சிலம்பரசன்.

"எலும்பை ஒடைச்சவனுக்கு மரியாதை ஒண்ணுதான் கொறைச்சல். உள்ள கூட்டிட்டு வா!"

ரைட்டர் எழுதி முடித்ததைக் கையில் வாங்கி முதல் வரியிலிருந்து படித்தாள். வரிக்கு வரி கோபம் ஏறியது. யாரோ செருப்பை வாசலில் கழற்றிவிட்டு வந்து மேசைக்கு எதிரே நிற்பது தெரிந்தது. அவள் நிமிரவில்லை.

நிமிர்ந்தது தட்சிணாமூர்த்திதான். நிமிர்ந்தவர் அப்படியே நின்றுவிட்டார்.

அறுபது வயதிருக்கும். ஒடிசலான உடம்பு. சட்டைப் பையில் ரப்பர் பேண்டு போட்ட டூவீலர் ஸ்டாண்டு டோக்கன் கட்டு. இடது கண் முழுவதும் மூடிக்கிடந்தது. அதன் கீழே கறுத்து வீங்கிய கன்னத்தின் நடுவில், சதுரமாக ஒரு சின்னக் காயம். நேற்றுப் பெயர் கேட்காமல் திருப்பி அனுப்பிய அதே முகம்.

ராஜ்கமல் மாவுக்கட்டை மெல்ல அம்மாவின் முதுகுக்குப் பின்னால் நகர்த்தினான்.

வெண்மதி நிமிராமலே பேனாவை வெற்றிடத்தில் ஊன்றினாள். "ஒரு மனுஷன் கையை இப்படி ஒடைச்சு வச்சிருக்கியே. எதாலய்யா அடிச்ச?"

"என் மூஞ்சாலதாம்மா."