கோழிக்குத் தண்ணீர் வைத்த தட்டு

தேவாலயத்து அறுப்பின் பண்டிகையில், காணிக்கைப் பொருள்களின் ஏலத்தில் வாழைக்குலைக்கு அடுத்து வந்தது ஒரு நெளிந்த அலுமினியத் தட்டு.

"கோழிக்குத் தண்ணி வைக்குத தட்டாக்கும். யாரு கேக்குதிய?" என்றார் ஏலம் விடும் கனகதாஸ்.

ரெத்தினதாஸின் கண் தட்டின் விளிம்பில் நின்றது. ஒரே இடைவெளியில் இரண்டு வரிசை ரிவெட் துளைகள், விமானத் தகட்டில் ஆணி அடிப்பதற்கு இருப்பதுபோல.

விமானங்களையும் பழைய எந்திரங்களையும் பற்றி இருபத்தொன்பது ஆவணப்படங்கள் செய்தவர் அவர். முப்பதாவது, இரண்டாம் உலக யுத்த காலத்தில் பாறசாலைக்குப் பக்கத்தில் சொந்த ஊர் வயலிலேயே விழுந்த விமானத்தைப் பற்றியது. அதன் ஒரு துண்டுகூடக் கிடைக்காமல் இரண்டு வருடமாகப் படம் நின்றுகிடந்தது.

இதோ, துண்டு.

விஷயம் வெளியே தெரிந்தால் காணிக்கை கொடுத்த வீட்டார் திரும்ப எடுத்துக்கொள்வார்கள். சும்மா கேட்பதுபோல ஒரு விலை கேட்டார்.

பக்கத்து வீட்டு பினு வேண்டுமென்றே ஏற்றிக் கேட்டான். "மாமா, உங்க வீட்டுல கோழியே இல்லியே. பிளேனா முட்டை இடுது?"

சபை சிரித்தது. ரெத்தினதாஸ் இன்னும் ஏற்றிக் கேட்டார்.

மூன்று தரம் சொல்லித் தட்டு அவர் கைக்கு வந்தது. எல்லோரும் கைதட்டினார்கள்.

ஏலம் எடுத்ததைச் சபைக்கே திரும்பக் கொடுப்பதுதான் அங்கே பெரிய மனது. இத்தனை வருடத்தில் ஒரு சேனைக்கிழங்கைக்கூட அவர் வீட்டுக்குக் கொண்டுபோனதில்லை. கைதட்டலைக் கேட்டதும் வாய் பழக்கப்படி பேசிவிட்டது.

"சபைக்கே இருக்கட்டும். திரும்ப ஏலம் விடும்."

சொன்ன பிறகுதான் அவர் காதிலேயே விழுந்தது. திரும்பக் கொடுத்தவர் அதே பொருளை மறுபடி கேட்கக் கூடாது.

பினு கையைத் தூக்கினான். ரெத்தினதாஸ் தலை குனிந்துகொண்டார்.

பெண்கள் பக்கமிருந்து ஒரு குரல் அவனுக்கு மேலே கேட்டது. அவன் ஏற்றினான். குரலும் ஏற்றியது. மூன்றாம் முறை பினு கும்பிட்டு உட்கார்ந்துவிட்டான்.

"புஷ்பபாய் அத்தைகிட்ட நம்மளால ஆகாது."

வெளியே வந்ததும் ரெத்தினதாஸ் மனைவியிடம் கையை நீட்டினார். புஷ்பபாய் தட்டைச் சேலைத் தலைப்பால் மூடிக்கொண்டாள்.

"தாறேன். ஆனா இந்தப் படத்துல எம் பேரு வரணும்."

"அதுக்கென்ன? நன்றின்னு முதல்ல உம் பேரைத்தான் போடுவேன்."

"நன்றி வேண்டாம். கேமரான்னு போடுங்க," என்றாள். "இருபத்தொன்பது படத்துக்கும் கேமரா பிடிச்சது நானில்லியா?"