கிளிசரின் வேண்டாம்

ஒரு சொட்டு! ஒரே ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை அவளுக்கு.

காலையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்த புருஷன், கூடத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள் கிடக்கிறான். இவளோ தலைமாட்டில், பஸ்ஸுக்குக் காத்திருக்கிறவள் மாதிரி உட்கார்ந்திருக்கிறாள்.

செத்தவனின் அக்காவுக்கு வயிறு எரிந்தது. தம்பியைப் பறிகொடுத்த துக்கம் ஒரு பக்கம், இந்த மானக்கேடு ஒரு பக்கம்.

“சினிமாவுல மட்டும் கொட்டு கொட்டுனு கொட்டுவாளாம்!” என்று பின்னால் யாரோ கிசுகிசுத்தார்கள்.

குடும்பத்தில் அவளுக்குப் பெயரே ‘மூணுபடம்’தான். முதல் படத்தில் கதாநாயகியின் தோழி. இரண்டாவதில், இடைவேளைக்குள் செத்துப்போகும் தங்கை. மூன்றாவதில் கதாநாயகியே அவள்தான். படம் ஒரே வாரம் ஓடியது. ஆனாலும் பார்த்தவர்கள் அவள் அழுகையைச் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோனார்கள். நாலாவது படத்துக்குப் பேச்சு நடந்துகொண்டிருந்தபோதுதான் இவர்கள் பெண் கேட்டுப் போனார்கள்.

“எங்களுது கௌரவமான குடும்பம். இனிமே நடிக்கக் கூடாது” என்று அன்றைக்குக் கறாராகச் சொன்னவள் இந்த அக்காதான். அவளும் சரியென்று தலையாட்டினாள். அதோடு முடிந்தது அவள் சினிமா.

வாசலில் சலசலப்பு. தம்பியின் ஆபீஸே திரண்டு வருகிறது, மேனேஜர் முன்னால். எதிர்வீட்டுக்காரி வேறு கண்கொட்டாமல் பார்க்கிறாள். ஏற்கெனவே அவள் வாய் சும்மா இருக்காது. இவள் இப்படியே உட்கார்ந்திருந்தால் தம்பி பெயர் என்னாவது?

அக்கா அவள் கையைப் பிடித்துச் சமையலறைக்கு இழுத்துக்கொண்டு போனாள். இடுப்பில் செருகியிருந்த தலைவலித் தைலத்தை எடுத்து நீட்டினாள்.

“இந்தா, கண்ணுக்குக் கீழே தடவிக்கோ.”

அவள் பாட்டிலைப் பார்த்துச் சிரித்தாள்.

“மூணாவது படத்துல இப்படித்தான் அண்ணி, கிளிசரின் கொண்டு வந்தாங்க. ‘இந்தப் பொண்ணுக்கு வேண்டாம்யா, தானாவே அழும்’னு டைரக்டர் திருப்பி அனுப்பிட்டாரு.”

“பழங்கதை பேசற நேரமாடி இது? மேனேஜர் வந்தாச்சு. ‘என்னை விட்டுட்டுப் போயிட்டீங்களே’ன்னு நாலு வார்த்தை கத்தி அழு. எங்க மானத்தைக் காப்பாத்து. உனக்குத் தெரியாத வித்தையா? கொஞ்சம் நடியேன்டி!”

அவள் பாட்டிலை இறுக மூடி, அக்காவின் கையிலேயே வைத்தாள்.

“உங்க தம்பி அடிச்சு, நான் நிஜமா அழுதப்பல்லாம் ‘நடிக்காதடி’ன்னுதான் சொன்னாரு. பக்கத்து ரூம்ல இருந்து நீங்களும் கேட்டிருக்கீங்க. இன்னிக்கு அழுதாத்தான் அண்ணி, அது நடிப்பு. அதை நான் உங்க பேச்சைக் கேட்டு அன்னிக்கே விட்டுட்டேன்.”