பாதிப் பயிற்சியில் ஒரு குரல்

வீட்டுக்கு ஒருவராகப் பால்கனியில் நின்று, கட்டாய உடற்பயிற்சிக்காக ஒலிபெருக்கியின் தாளத்துக்கு அந்தக் குடியிருப்பே கைகளை உயர்த்திக்கொண்டிருந்தது. அப்போதுதான் குளியலறையிலிருந்து அப்பாவின் குரல் வந்தது.

"தமயந்தி! விழுந்துட்டேம்மா!"

பால்கனியில் நின்ற தமயந்தி உள்ளே ஓடத் திரும்பினாள். பக்கத்து வீட்டுப் பால்கனியிலிருந்து ரெஜினா அக்கா பதறினாள். "போகாதடி! ஒருத்தர் பாதியில விலகினாலும் இந்த மாடி முழுக்கத் தண்ணியை நிறுத்திடுவாங்க. என் வீட்ல கைக்குழந்தை இருக்கு."

தமயந்தி கைகளை உயர்த்தினாள். அப்பா இன்னொரு முறை கூப்பிட்டார். பிறகு கூப்பிடவில்லை.

தாளம் நின்றதும் ஓடினாள். ஈரத் தரையில் கால் மடங்கிக் கிடந்தார் அப்பா.

"வர முடியலப்பா" என்று உடைந்து அழுதாள்.

அவர் அவள் கையைப் பற்றிக்கொண்டார். "வலி தாங்காம கூப்பிட்டுட்டேன். அப்புறம், எங்கே நீ பாதியில வந்துடுவியோன்னு பயந்து வாயைப் பொத்திக்கிட்டேம்மா."