அழுகண்ணிப் படுகை

சதுப்பின் மேல் போட்ட பலகையில் அக்காளும் தம்பியும் வெறுங்காலோடு நிற்கிறார்கள். வெளி விதை எதுவும் ஒட்டிக்கொண்டு உள்ளே வந்துவிடக் கூடாதென்று செருப்பைக் கரையிலேயே விடுவது செடிகளைக் கணக்கெடுக்க வரும் இவர்களின் வழக்கம். மங்கிய வெயிலில், இந்த வட்டாரத்தில் வேறெங்கும் கிடைக்காத அழுகண்ணிச் செடி பாய் விரித்தாற்போல் கிடக்கிறது. சிவந்த இலை மயிர் ஒவ்வொன்றின் நுனியிலும் ஒரு பசைத்துளி. பூச்சி ஒட்டினால் இலை மெல்ல மூடிக்கொண்டு அதைத் தின்னும். சதை பட்டாலும் மூடும். இன்று ஒரு கொசுவின் ரீங்காரம்கூட இல்லை. ஆனால் எதிரே இலைகள் மூடிக் கிடக்கின்றன, தடம் தடமாக: குதிகால், பாதம், ஐந்து விரல்.

"பலகைய விட்டு எறங்காதேன்னு தலபாடா அடிச்சுக்கிட்டேனே, கேட்டியா?"

"நான் எறங்கவே இல்லக்கா. எறங்கினா இடுப்பு வரைக்கும் புதைஞ்சிருவேன்." தம்பி கைநீட்டிக் காட்டுகிறான். "விரல் எந்தப் பக்கம் இருக்குன்னு பாரு."

விரல்கள் பலகையை நோக்கி இருக்கின்றன. ஆள் நிற்க முடியாத நடுச்சேற்றில் தொடங்கி, தடம் இங்கே வந்துகொண்டிருக்கிறது. கடைசித் தடத்துக்கும் பலகைக்கும் இடையில் ஓரடி அகலத்துக்கு இலைகள் இன்னும் விரிந்திருக்கின்றன. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அங்கே குதிகால் மூடுகிறது, பிறகு பாதம், பிறகு விரல்கள் ஒவ்வொன்றாக. இருவரும் அசையவில்லை. ஆனாலும் மூன்றாவது ஆள் ஏறினாற்போல் பலகை தாழ்கிறது. கால்விரல்களின் மேல் தண்ணீர் ஏறி, அப்படியே நிற்கிறது.