பூட்டி வைத்த போன்

“அண்ணே, போனக் குடுங்கண்ணே. தம்பிகிட்ட ஒரு வார்த்தை பேசிட்டுத் தந்துடறேன்.”

பெர்னார்ட் காதில் வாங்காமல் செண்பகத்தின் போனைக் கல்லாவில் வைத்துப் பூட்டினார்.

“வேலை நேரத்துல போன் கிடையாது.”

சிலிபின் வட்டாரத்தில் பெர்னார்ட் நடத்தும் சாப்பாட்டுக் கடையில் இரண்டு வருஷமாக வேலை செய்கிறாள் செண்பகம். மியன்மார்த் தமிழ்ப் பெண். ஒரு மணி நேர பஸ் தூரத்தில், கோலா கங்சாரில் வேலை பார்க்கும் அக்காவைத் தவிர, இந்த நாட்டில் அவளுக்கு வேறு சொந்தமில்லை.

ஊரில் தம்பி உடையப்பன், ராணுவ ஆட்சியை எதிர்த்து மாணவர்களோடு தெருவில் இறங்கியிருந்தான். பத்தொன்பது வயது. தினமும் விடிந்ததும், “நல்லா இருக்கேன்க்கா” என்று ஒரு வரி அனுப்பிவிடுவான்.

இன்றைக்கு அது வரவில்லை.

பெர்னார்ட் கார் சாவியை எடுத்தார்.

“எங்க கிளம்பிட்டீங்க? இப்ப கூட்டம் வரும்லா!” என்றாள் மனைவி டோரிஸ்.

“ஒரு மணி நேரத்துல வாரேன். அவகிட்ட போனக் குடுத்துடாத.”

மேலே ஏதோ சொல்ல வாயெடுத்தார். பக்கத்திலேயே செண்பகம் நின்றாள். சாவியோடு வெளியே போய்விட்டார்.

செண்பகம் ஊற்றிய ரசம் மேசையில் வழிந்தது. கண் கல்லாவின் மேலேயே இருந்தது. கல்லாவுக்குள் அவள் போன் விடாமல் அதிர்ந்துகொண்டிருந்தது.

“அவன்தான்க்கா கூப்பிடறான். ஒரே ஒரு தடவை பாத்துக்கறேன்” என்று டோரிஸிடம் கெஞ்சினாள்.

டோரிஸின் போனும் அடித்தது. பெர்னார்ட். இரண்டு தடவை. கோபத்தில் அவள் எடுக்கவில்லை.

“இந்த மனுசனுக்கு நெஞ்சுல ஈரமே இல்ல!”

தன்னிடமிருந்த சாவியால் கல்லாவைத் திறந்து போனைச் செண்பகத்தின் கையில் வைத்தாள்.

“நீ பேசும்மா. அவர் கேட்டா நான் பதில் சொல்லிக்கறேன்.”

செண்பகம் திரையைத் தொட்டாள். யாரோ அனுப்பிய படம். தார் ரோட்டில் உடையப்பன் கிடந்தான். நெஞ்சில் சுட்டிருந்தார்கள்.

அவள் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

வாசலில் கார் வந்து நின்றது. பெர்னார்டோடு இறங்கினாள் செண்பகத்தின் அக்கா. அழுது வீங்கிய முகம். தங்கை உட்கார்ந்திருந்த கோலத்தைப் பார்த்ததும் உள்ளே ஓடினாள்.

பெர்னார்ட் திறந்து கிடந்த கல்லாவைப் பார்த்தார்.

“காலையிலயே இவ அக்கா எனக்கு போன் பண்ணி விஷயத்தச் சொல்லிட்டா, டோரிஸ். கூடப் பொறந்தவ கட்டிப்பிடிச்சு சொல்லட்டும்னுதான் பஸ் ஸ்டேஷனுக்கு ஓடினேன்.”